வடசென்னையிலிருந்து 42.195 கி.மீ.: சென்னை மாரத்தானுக்கு 18 வாரத் தயாரிப்பு

இணையத்தில் கிடைக்கும் மாரத்தான் அட்டவணைகளில் பெரும்பாலானவை குளிர்நாட்டுக்காரர்கள் போட்டவை. அவர்கள் கோடையில் பயிற்சி எடுத்து, குளிர் தொடங்கும்போது பந்தயம் ஓடுகிறார்கள். சென்னை மாரத்தான் நடப்பது ஜனவரி முதல் வாரங்களில். ஆவணிப் புழுக்கத்தில் தொடங்கி, ஐப்பசி கார்த்திகை மழைக்குள் நீள ஓட்டங்களை முடித்து, மார்கழி விடியலில் ஓட வேண்டியது நம் கணக்கு. வடசென்னைக்காரருக்கு இதற்கு மேலும் இரண்டு தொல்லைகள் உண்டு: துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகளும், மழை விட்டும் வடியாத தண்ணீரும். இந்த நான்கையும் கணக்கில் எடுக்காத அட்டவணை நவம்பரிலேயே கிழிந்துவிடும். கீழே இருப்பது அவற்றை முதலில் வைத்துப் போட்ட திட்டம். இப்போது நிற்காமல் 8 கி.மீ. ஓடவோ, ஓடியும் நடந்தும் 12 கி.மீ. போகவோ முடிகிறவர்களுக்கு இது பொருந்தும். அந்த நிலைக்கு வராதவர்கள் இந்த ஆண்டு 10 கி.மீ. அல்லது அரை மாரத்தானில் பெயர் கொடுப்பது நல்லது.

இந்தத் தூரம் எங்கிருந்து வந்தது

1896 ஏதென்ஸ் ஒலிம்பிக்கில் கிரேக்கர் ஸ்பிரிடன் லூயிஸ் வென்ற முதல் மாரத்தானின் நீளம் சுமார் 40 கி.மீ.தான். 1908 லண்டன் ஒலிம்பிக்கில் விண்ட்சர் அரண்மனையில் கிளப்பி, அரங்கத்தில் அரச குடும்பம் உட்கார்ந்த மாடத்துக்கு முன்னால் முடித்தார்கள். அது 26 மைல் 385 கஜம் வந்தது. 1921-இல் அதுவே நிலையான தூரமானது. யாரோ ஒரு ராஜா வீட்டு வசதிக்காகக் கூடுதலாக வந்த அந்த 2 கி.மீ.தான் இன்று எல்லோரையும் கடைசியில் படுத்தி எடுக்கிறது.

ஆண்டுதோறும் நடக்கும் நகர மாரத்தான்களில் மூத்தது பாஸ்டன். 1897-இல் 15 பேருடன் ஆரம்பித்தது. அங்கே பெண்களை முறைப்படி சேர்த்துக்கொள்ள 1972 வரை ஆனது. நியூயார்க் 1970-இல் பூங்காவுக்குள்ளேயே சுற்றிச் சுற்றி ஓடிய ஓட்டம். 127 பேர் கிளம்பி 55 பேர்தான் முடித்தார்கள். 1976-இல் அதை வெளியே எடுத்து, நகரத்தின் ஐந்து பகுதிகள் வழியாகவும் விட்டார்கள். பெருநகர மாரத்தான் என்பதே இன்றைய வடிவத்துக்கு வந்தது அதன் பிறகுதான். லண்டன் 1981, மும்பை 2004. சென்னை ரன்னர்ஸ் அமைப்பு சென்னை மாரத்தானை 2012-இல் தொடங்கியது. பெயருக்கு முன்னால் வரும் நிறுவனம் மாறிக்கொண்டே இருக்கிறது, ஓட்டம் நிற்கவில்லை. எல்லாத் தூரங்களையும் சேர்த்து இப்போது 20,000 பேருக்கு மேல் ஓடுகிறார்கள்.

அண்மை ஆண்டுகளில் முழு மாரத்தான் நேப்பியர் பாலத்தில் கிளம்பித் தெற்கே, கிழக்குக் கடற்கரைச் சாலைப் பக்கம் போய் முடிகிறது. வடசென்னையின் வாசற்படி வரை வந்து முதுகைக் காட்டிக்கொண்டு ஓடுகிற பந்தயம் என்று சொன்னால் கோபித்துக்கொள்ளக் கூடாது. குத்துச்சண்டைக்கும் கால்பந்துக்கும் கேரமுக்கும் இத்தனை பேரைக் கொடுத்த பகுதிக்கு ஒரு 5 கி.மீ.யாவது திருப்பி விடலாம். அது நடக்கும்வரை நம் சாலையை நாமே தேர்ந்தெடுத்துக்கொள்வோம்.

பதிவும் மருத்துவச் சோதனையும்

பதிவு சில மாதங்களுக்கு முன்பே திறந்துவிடும், முன்கூட்டிப் போடுகிறவர்களுக்குக் கட்டணம் குறைவு. படிவத்தில் உத்தேச முடிப்பு நேரம் கேட்பார்கள். அதைக் குறைத்துச் சொன்னால் வேகமானவர்களின் அடைப்பில் நிறுத்திவிடுவார்கள், முதல் 5 கி.மீ.யிலேயே மூச்சு வாங்கும். இரத்த வகையும் அவசரத் தொடர்பு எண்ணும் சரியாக இருக்கட்டும். ஒருவர் எண்ணில் இன்னொருவர் ஓடுவது சிலருக்கு வேடிக்கை. மயங்கி விழுந்தால் மருத்துவர் கையில் இருப்பது வேறொருவருடைய மருத்துவ விவரம், அதனால்தான் அது தடை.

35 வயதுக்கு மேற்பட்டவர்கள், சர்க்கரை அல்லது இரத்த அழுத்தம் உள்ளவர்கள், வீட்டில் யாருக்காவது இளம் வயதில் மாரடைப்பு வந்திருந்தவர்கள் ஆகஸ்டிலேயே ஈசிஜி, எக்கோ, டிரெட்மில் சோதனை மூன்றையும் எடுத்துவிடுங்கள். டிசம்பரில் எடுப்பதில் பயனில்லை. அதற்குள் ஓட வேண்டியதில் பெரும்பகுதியை ஓடி முடித்திருப்பீர்கள்.

எங்கே ஓடுவது

எண்ணூர் விரைவுச்சாலையையும் மணலிச் சாலையையும் மறந்துவிடுங்கள். லாரி வரிசைக்குப் பொழுது கிடையாது, ஓரத்தில் மண்ணும் ஜல்லியும், ஓட்டுநரின் இடப்பக்கக் கண்ணாடியில் நீங்கள் தெரியவே மாட்டீர்கள். மணலி, எண்ணூர் பக்கம் காற்றில் வாடை தூக்கலாக இருக்கும் நாளில் தெருவில் ஓடுவதைவிட வீட்டில் உட்கார்ந்து எழுவது மேல்.

ராயபுரம், காசிமேடு, தண்டையார்பேட்டைக்காரர்களுக்கு வசதியான நீள ஓட்டப் பாதை தெற்குப் பக்கம்தான்: கிளைவ் பேட்டரி, பாரிமுனை, கோட்டை, போர் நினைவுச் சின்னம், நேப்பியர் பாலம், மெரினா. கிளைவ் பேட்டரியிலிருந்து கலங்கரை விளக்கம் போய்த் திரும்பினால் 16 கி.மீ.யை ஒட்டி வரும். திருவொற்றியூர் தேரடியிலிருந்து அதே இடத்துக்குப் போய் வந்தால் 28-ஐ ஒட்டி. ஞாயிறு காலை 4:15-க்குக் கிளம்பினால் ராஜாஜி சாலை காலியாக இருக்கும். 6:30-க்கு மேல் காசிமேட்டில் மீன் வாங்க வரும் வண்டிகள் நெருக்க ஆரம்பிக்கும், எனவே வடக்கு நோக்கித் திரும்பும் நேரத்தை அதற்கேற்ப வையுங்கள்.

நீளத்தை மெரினாவிலேயே கூட்டிக்கொள்வது இன்னும் பாதுகாப்பு. உழைப்பாளர் சிலைக்கும் கலங்கரை விளக்கத்துக்கும் நடுவே ஏறக்குறைய 3 கி.மீ. போய்வந்தால் 6. நடைபாதை, வெளிச்சம், கழிப்பறை, குடிநீர் எல்லாம் கிடைக்கும். மணலில் மட்டும் நீள ஓட்டம் வேண்டாம். குதிகால் புதைந்து புதைந்து கெண்டைக்கால் தசைநார் இழுத்துவிடும்.

வியாசர்பாடி, பெரம்பூர், கொருக்குப்பேட்டைக்காரர்கள் வார நாள்களில் அருகிலுள்ள கிரவுண்டில் சுற்று ஓடலாம். சுற்றின் நீளத்தை ஒருமுறை அளந்துவிட்டு, பாதி வலமாகவும் பாதி இடமாகவும் ஓடுங்கள். ஒரே பக்கம் சுற்றினால் உள்பக்க முட்டிக்குச் சுமை கூடும். சாலையிலும் இதே சிக்கல் உண்டு. தண்ணீர் வடிவதற்காகச் சாலையின் நடு உயர்ந்து ஓரம் சரிந்திருக்கும். எப்போதும் ஒரே ஓரத்தில் ஓடுகிறவருக்கு ஒரு கால் தாழ்ந்தே விழும். முட்டியின் வெளிப்புறம் ஊசி குத்துவது போல் வலி வந்தால், புதிய ஷூவைத் தேடும் முன் இதைப் பாருங்கள்.

இன்னொன்று: டோல்கேட்டுக்கு வடக்கே மெட்ரோ தூண்களுக்கு மேல் போகிறது. அந்தப் பாலத்தடியில் ஓடினால் வாட்சின் ஜிபிஎஸ் குழம்பி தூரத்தைக் கூட்டியோ குறைத்தோ காட்டும். அங்கே வேகத்தை நம்பாதீர்கள், நேரத்தை மட்டும் பாருங்கள்.

நாய் துரத்தினால் நின்றுவிடுங்கள், கண்ணைப் பார்க்காமல் மெதுவாக நடந்து கடந்துவிடுங்கள். கடித்தால், கீறினாலும்கூட, ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவிவிட்டு அன்றே தடுப்பூசிக்குப் போக வேண்டும். ஸ்டான்லி அரசு மருத்துவமனை பக்கத்தில்தான் இருக்கிறது.

வாரக் கணக்கு

வாரத்துக்கு நான்கு நாள் ஓட்டம் போதும். செவ்வாய் 6 முதல் 8 கி.மீ. நிதானமாக, வியாழன் 8 முதல் 10, சனி 5, ஞாயிறு நீள ஓட்டம். புதனும் வெள்ளியும் 20 நிமிடம் கால் பயிற்சி: படியில் நின்று குதிகால் தூக்குவது 15 வீதம் மூன்று முறை, உட்கார்ந்து எழுவது 12 வீதம் மூன்று முறை, பிளாங்க் 40 நொடி மூன்று முறை. திங்கள் ஓய்வு.

பந்தயம் 18ஆம் ஞாயிறு என்று வைத்தால் முதல் ஞாயிறு செப்டம்பர் முதல் பத்து நாளுக்குள் விழும். ஞாயிறு தூரங்கள் கி.மீ.யில் இப்படி: 12, 14, 16, 12, பிறகு 18, 20, 22, 16, பிறகு 24, 26, 20, 28, பிறகு 30, 22, 32, 22, 14, அடுத்தது பந்தயம். நடுநடுவே குறைவது ஓய்வு வாரம். "நன்றாகத்தானே இருக்கிறேன்" என்று அதை நிரப்புகிறவர்களுக்குத்தான் பத்தாவது வாரத்தில் முழங்காலுக்குக் கீழே முன்பக்க எலும்பில் வலி பிடிக்கும். எலும்பை விரலால் அழுத்தினால் ஒரே புள்ளியில் சுரீர் என்றால் அது மயிரிழை முறிவாக இருக்கலாம். ஓட்டத்தை நிறுத்தி எலும்பு மருத்துவரைப் பாருங்கள்.

டிசம்பர் முதல் பத்து நாளில் வரும் 14ஆம் வாரத்துக்கு வெறும் 22 போட்டதற்குக் காரணம் உண்டு. 2015 வெள்ளம் டிசம்பர் 1-ஐ ஒட்டி, வர்தா 2016 டிசம்பர் 12, மிக்ஜாம் 2023 டிசம்பர் 3, 4. அந்த நாள்களை நம்பி 30-ஐ வைக்கக் கூடாது.

ஞாயிறு வேகம்: பக்கத்தில் ஓடுகிறவரிடம் முழு வாக்கியமாகப் பேச முடிய வேண்டும். ஆள் இல்லையென்றால் ஒரு திருக்குறளை இரண்டடியும் மூச்சு வாங்காமல் சொல்ல வரவேண்டும். வரவில்லை என்றால் வேகம் அதிகம். செப்டம்பரில் இப்படி ஓடும் வேகம் கூச்சமாக இருக்கும் அளவுக்குக் குறைவாக வரும். வரட்டும். புழுக்கத்தில் இரத்தம் தசைக்கும் தோலுக்கும் பங்கு போகிறது, அதே வேகத்துக்கு இதயம் கூடுதலாக அடிக்கிறது. ஜனவரிக் குளிரில் அதே உழைப்புக்கு நிமிடங்கள் தானாகக் குறையும்.

ஆறாம் வாரத்திலிருந்து வியாழன்களில் மட்டும் கொஞ்சம் விரட்டலாம். 2 கி.மீ. நிதானம், பிறகு நான்கு முறை 1 கி.மீ. வேகமாக, இடையில் 2 நிமிடம் நடை, கடைசியில் 2 கி.மீ. நிதானம். வேகம் என்றால் மூன்று நான்கு சொல்லுக்கு மேல் பேச முடியாத அளவு, நாக்கு தள்ளும் அளவு அல்ல.

ஒரு வாரம் தவறினால் அதை ஈடுகட்டப் பார்க்காமல் அட்டவணையின் அடுத்த ஞாயிற்றுக்குப் போங்கள். இரண்டு வாரம் தவறினால் கடைசியாக ஓடிய நீளத்திலிருந்து மீண்டும் தொடங்குங்கள். நவம்பர் கடைசிக்குள் 24-ஐத் தொடவில்லை என்றால் அரை மாரத்தானுக்கு மாற்றிக்கொள்ள வழி இருக்கிறதா என்று கேட்டுவிடுங்கள்.

வியர்வையை எடை போடுங்கள்

சென்னையில் முதல் மாரத்தான் ஓடுகிறவர்களில் பலரைப் படுக்க வைப்பது தூரத்தைவிடத் தண்ணீர்க் கணக்குதான். அதிகம் குடித்தும் விழுவார்கள், குறைவாகக் குடித்தும் விழுவார்கள். உங்கள் அளவை வேறு யாரும் சொல்ல முடியாது. 100 கிராம் வித்தியாசம் காட்டும் டிஜிட்டல் எடை மெஷின் ஒன்று போதும், வீட்டிலேயே கண்டுபிடித்துவிடலாம்.

சிறுநீர் கழித்துவிட்டு, குறைந்த உடையில் எடை பாருங்கள். 64.0 கிலோ என்று வைப்போம். பந்தய வேகத்தில் சரியாக ஒரு மணி நேரம் ஓடுங்கள். இடையில் குடித்ததை அளந்து வையுங்கள், 300 மி.லி. என்று கொள்வோம். வந்ததும் நனைந்த பனியனைக் கழற்றி, துடைத்துக்கொண்டு மறுபடி நில்லுங்கள். (பனியனோடு நிற்பதுதான் எல்லோரும் செய்யும் தப்பு. பிழிந்தால் கால் லிட்டர் வரும் துணி அது.) 62.9 காட்டினால் குறைந்தது 1.1 கிலோ, குடித்தது 0.3, ஆக மணிக்கு 1.4 லிட்டர் வியர்வை. செப்டம்பரில் ஒருமுறை, டிசம்பர் நடுவில் ஒருமுறை எடுங்கள். இரண்டாவது எண்தான் பந்தயத்துக்கு.

டிசம்பரில் அது மணிக்கு 0.9 லிட்டராக இறங்கியது, 5 மணி நேரத்தில் முடிக்கப் போகிறீர்கள் என்றால் மொத்த இழப்பு 4.5 லிட்டர். உடல் எடையில் 2 சதவீதம் வரை, அதாவது இங்கே 1.3 லிட்டர் அளவுக்கு, குறைந்தால் பெரிதாகப் பாதிக்காது. மீதி 3.2 லிட்டரை ஐந்து மணி நேரத்துக்குப் பிரித்தால் மணிக்குச் சுமார் 650 மி.லி. தண்ணீர் மேடை 2 கி.மீ.க்கு ஒன்று என்றால் ஒவ்வொன்றிலும் 150 மி.லி., நாலைந்து மடக்கு. ஒரே மேடையில் அரை லிட்டரைக் கவிழ்த்தால் வயிறு குலுங்கும், அடுத்த கிலோமீட்டரில் வெளியே வந்துவிடும்.

அளவுக்கு மீறிக் குடித்தால் இரத்தத்தில் சோடியம் நீர்த்துப்போகும். 2002 பாஸ்டன் மாரத்தானில் 488 பேரின் இரத்தத்தைச் சோதித்தபோது 13 சதவீதம் பேருக்குச் சோடியம் குறைந்திருந்தது. ஓட்டத்தில் எடை கூடியவர்களிடம் இது அதிகம். மோதிரம் இறுகுவது, விரல் வீங்குவது, குமட்டல், மண்டைக் குடைச்சல், பேச்சுத் தடுமாற்றம் இதன் அறிகுறிகள். இவர்களுக்கு "பாவம், தண்ணி குடுங்க" என்று இன்னும் ஊற்றினால் உயிருக்கே ஆபத்து.

ஆகவே பாதி தண்ணீர், பாதி உப்புக் கரைசல். மருந்துக்கடை ஓஆர்எஸ் பொடியில் உலக சுகாதார நிறுவனச் சூத்திரம் என்று அச்சிட்டதைப் பார்த்து வாங்கி, 1 லிட்டர் பொட்டலத்தை 1 லிட்டரில் மட்டும் கரையுங்கள். அதை அரை லிட்டரில் கரைத்தால் பேதி ஆகும். வீட்டில் என்றால் 1 லிட்டர் தண்ணீருக்கு அரை தேக்கரண்டி உப்பு, தலை தட்டிய 6 தேக்கரண்டி சர்க்கரை, பாதி எலுமிச்சை. இளநீர் நல்லதுதான், ஆனால் அதில் பொட்டாசியம் நிறைய, சோடியம் குறைவு. வியர்வையில் போவது சோடியம். இளநீரை ஓட்டம் முடிந்த பிறகு வைத்துக்கொள்ளுங்கள். சிறுநீரகக் கோளாறோ இரத்த அழுத்தமோ உள்ளவர்கள் உப்பு விஷயத்தில் மருத்துவரைக் கேட்டுவிட்டே தொட வேண்டும்.

வயிறு

தசையிலும் ஈரலிலும் சேர்த்த மாவுச்சத்து 30 கி.மீ. வாக்கில் தீரும். கால் கல்லாகி, அழுகை வருவது போல் இருக்கும் கட்டம் அதுதான். அதைத் தள்ளிப்போட மணிக்கு 30 முதல் 60 கிராம் மாவுச்சத்து உள்ளே போக வேண்டும். நடுத்தர வாழைப்பழம் ஒன்றில் 20 முதல் 25 கிராம், சிறிய பேரீச்சை ஒன்றில் சுமார் 6, 10 கிராம் கருப்பட்டித் துண்டில் 9-ஐ ஒட்டி, கடையில் விற்கும் ஜெல் ஒன்றில் 22 முதல் 25. கடலை மிட்டாயில் கொழுப்பு அதிகம், ஓடும்போது செரிக்க நேரமாகும். முதல் வாய் 40ஆம் நிமிடத்தில், பிறகு 35 நிமிடத்துக்கு ஒருமுறை. பசி வந்தபின் சாப்பிட்டால் தாமதம். 20 கி.மீ.க்கு மேற்பட்ட எல்லா ஞாயிறும் இதே பொருளை இதே இடைவெளியில் பழகுங்கள். பந்தய நாளில் புதிதாக ஒன்றை வாயில் போட்டால் அடுத்த நிறுத்தம் கழிப்பறை.

கடைசி இரண்டு நாள் 60 கிலோ எடைக்காரர் நாளைக்குச் சுமார் 400 கிராம் மாவுச்சத்து எடுக்கலாம். காலையில் 6 இட்லி, மதியம் 3 கப் சோறு, மாலையில் 2 வாழைப்பழமும் பன்னும், இரவு 2 கப் ரசம் சாதம், இடையில் பானகம் என்று போனால் அதைத் தொட்டுவிடலாம். கீரை, சுண்டல், முழு உளுந்து போன்ற நார்ச்சத்தைக் குறையுங்கள். முந்தின ராத்திரி பிரியாணியும் வேண்டாம், பீச் ஸ்டேஷன் பக்கம் அத்தோ என்னும் பர்மா நூடுல்ஸும் வேண்டாம். எண்ணெயும் மிளகாயும் சேர்ந்து 15ஆம் கிலோமீட்டரில் கணக்குக் கேட்கும்.

ஷூ

மேலே சொன்ன ஞாயிறுகளைக் கூட்டினால் 348 கி.மீ. வார நாள்களையும் சேர்த்தால் 700-ஐத் தொடும். ஒரு ஜோடியின் ஆயுளே 500 முதல் 700 கி.மீ.தான், ஆகஸ்டில் வாங்கியது பந்தயத்தன்று சக்கையாகியிருக்கும். அதனால் நவம்பரில் அதே மாடலில் இரண்டாவது ஜோடி வாங்கி, ஒரு 28-ஐயும் ஒரு 32-ஐயும் சேர்த்து 80 கி.மீ. பழக்குங்கள். மாலையில், கால் வீங்கியிருக்கும்போது போட்டுப் பாருங்கள். கட்டை விரலுக்கு முன்னால் ஒரு பெருவிரல் அகலம் இடம் வேண்டும். அது இல்லையென்றால் நகம் கறுத்து உதிரும். பர்மா பஜார் ஃபர்ஸ்ட் காப்பி தெருவில் போட்டுக்கொள்ள அழகு. அதன் அடிப்பாகம் ஒரே கெட்டி நுரை, 20 கி.மீ.க்கு மேல் குதிகாலைப் பதம் பார்க்கும்.

பருத்திப் பனியனும் பருத்திச் சாக்ஸும் வேண்டவே வேண்டாம். தொடை இடுக்கு, அக்குள், பெண்களுக்கு உள்ளாடைப் பட்டையின் கீழ் எல்லாம் வாசலின் தாராளமாகத் தடவுங்கள். ஆண்கள் மார்க்காம்பில் மைக்ரோபோர் டேப் ஒட்டாமல் 30 ஓடினால் வெள்ளைப் பனியனில் இரண்டு சிவப்புக் கோடு இறங்கும்.

மழை வாரங்கள்

தூறலில் ஓடலாம், தேங்கிய தண்ணீரில் கூடாது. புளியந்தோப்பு, பட்டாளம், கொருக்குப்பேட்டைச் சந்துகளில் சாக்கடையும் மழைநீரும் ஒன்றாகிவிடும். காலில் சின்ன வெடிப்பு இருந்தாலே எலிக்காய்ச்சல் வர வழி. பள்ளம் எது, திறந்த மூடி எது என்று தெரியாது. தெரியாமல் இறங்கிவிட்டால் சோப்புப் போட்டுக் கழுவுங்கள். அடுத்த சில வாரங்களுக்குள் காய்ச்சலும் கெண்டைக்கால் வலியும் சேர்ந்து வந்தால் மருத்துவரிடம் தண்ணீரில் நடந்ததை மறக்காமல் சொல்லுங்கள்.

வெளியே போகவே முடியாத வாரத்தில் ஜிம் டிரெட்மில்லை 1 சதவீதச் சாய்வில் வைத்து ஓடலாம். அதுவும் இல்லையென்றால் அடுக்குமாடிப் படிக்கட்டில் 30 நிமிடம் ஏறி இறங்குங்கள். நனைந்த ஷூவுக்குள் செய்தித்தாள் திணித்து இரண்டு மணிக்கு ஒருமுறை மாற்றினால் மறுநாளைக்குக் காயும். வெயிலில் காயவைத்தால் பசை விட்டுவிடும். தீபாவளிக்கு மறுநாள் காலையை ஓய்வு நாளாக்குங்கள், புகை மண்டலத்தில் ஆழமாக மூச்சிழுப்பதில் லாபமில்லை.

கடைசி நாள்களும் பந்தய நாளும்

பந்தய வாரத்தில் செவ்வாய் 6, வியாழன் 4, சனி 2 கி.மீ. மெல்லோட்டம். அவ்வளவுதான். காய்ச்சல் வந்தால், மாத்திரையில் இறங்கியிருந்தாலும், ஓடாதீர்கள். வைரஸ் இதயத் தசையைத் தொட்டிருக்கலாம். வலி மாத்திரை போட்டுக்கொண்டு ஓடும் பழக்கமும் வேண்டாம். உடலில் நீர் வற்றிய நேரத்தில் ஐபுபுரூஃபனும் டைக்ளோஃபெனாக்கும் சிறுநீரகத்தைக் கெடுக்கும்.

எண் அட்டையை முந்தின நாள்களிலேயே வாங்கிவிட வேண்டும். அதில் ஒட்டிய சிப்பை மடிக்காமல் நான்கு ஊக்கு போட்டு நெஞ்சில் குத்துங்கள். துப்பாக்கி நேரம், அதாவது தொடக்க வெடியிலிருந்து எண்ணுவது, எல்லோருக்கும் ஒன்று. உங்கள் கால் கோட்டைத் தாண்டியதிலிருந்து சிப் காட்டுவதுதான் உங்கள் நேரம். ஆகவே ஆரம்பத்தில் முண்டியடிக்கத் தேவையில்லை.

முழு மாரத்தான் அதிகாலை 4 மணி வாக்கில் கிளம்பும். அந்த ஆண்டு அறிவிப்பைப் பார்த்துப் பின்னோக்கிக் கணக்குப் போடுங்கள். 1:45-க்கு எழுந்து, 2 மணிக்கு சர்க்கரை தொட்டு 3 இட்லி, ஒரு வாழைப்பழம், 300 மி.லி. தண்ணீர், காபி பழக்கம் இருந்தால் அரை டம்ளர். சில ஆண்டுகளில் ஓட்டக்காரர்களுக்காக மெட்ரோவை அதிகாலையிலேயே ஓட்டியிருக்கிறார்கள். அறிவிப்பு வந்தால் விம்கோ நகரிலிருந்து மாறாமல் அரசினர் தோட்டம் நிலையத்தில் இறங்கி, சுவாமி சிவானந்தா சாலை வழியாக 20, 25 நிமிடம் நடந்தால் நேப்பியர் பாலம். அதுவே உடலைச் சூடாக்கும் நடையாகவும் ஆகும். அறிவிப்பு வராவிட்டால் வண்டியில் வருபவர்கள் சாலையை மறிக்கும் முன், 3 மணிக்குள் இறங்கிவிடுங்கள். முடிவது ஊருக்குத் தெற்கே வெகு தொலைவில். திரும்பி வர பைக்கோடு ஒருவரை அங்கே நிற்கச் சொல்லுங்கள். முழு மாரத்தான் முடித்த காலோடு நீங்களே வண்டி ஓட்டாதீர்கள், பிரேக் மிதிக்கும்போது பிடித்துக்கொள்ளும்.

வேகத்துக்கு ஒரு கணக்கு: நாலரை மணி நேரத்தில் முடிக்க கி.மீ.க்கு 6:24 நிமிடம், ஐந்து மணி நேரத்துக்கு 7:06, ஆறு மணி நேரத்துக்கு 8:32. உங்கள் அரை மாரத்தான் நேரத்தை இரட்டித்து 20 முதல் 30 நிமிடம் கூட்டினால் கிடைப்பதுதான் நியாயமான இலக்கு. முதல் 8 கி.மீ. அந்த வேகத்தைவிட 10 நொடி மெதுவாகப் போங்கள். மெரினாவில் விளக்கு, கூட்டம், கைதட்டல், சமதளம் எல்லாம் சேர்ந்து இழுக்கும். அங்கே மிச்சம் பிடித்த ஒவ்வொரு நிமிடத்துக்கும் 32-க்குப் பிறகு மூன்று நான்கு கட்ட வேண்டியிருக்கும்.

6:30-ஐ ஒட்டி வெயில் எழும். தெற்கு நோக்கி ஓடுவதால் இடப்பக்கக் கன்னத்தில் அடிக்கும். 7:30-க்கு மேல் நிலைமை மாறிவிடும், தொப்பியை நனைத்துப் போடுங்கள், கழுத்திலும் முன்கையிலும் தண்ணீர் ஊற்றுங்கள், நிமிடக் கணக்கை விட்டு மூச்சுக் கணக்குக்கு மாறுங்கள். 2007-இல் சிகாகோவில் வெயில் ஏறியதால் பந்தயத்தைப் பாதியில் நிறுத்தினார்கள். அக்டோபர் என்று குளிரை நம்பி வந்தவர்கள் அவர்கள். கெண்டைக்கால் சுருட்டினால் நின்று, சுவரிலோ கம்பத்திலோ கையை ஊன்றி 30 நொடி இழுத்துவிட்டு நடையில் தொடங்குங்கள். நெஞ்சு அழுத்தம், ஓடும் திசை குழம்புவது, வெயிலில் குளிர் நடுக்கம் என்றால் அங்கேயே உட்கார்ந்து தன்னார்வலரைக் கூப்பிடுங்கள். பக்கத்தில் ஒருவர் உளறிக்கொண்டு விழுந்து, உடல் கொதித்தால், 108-க்குச் சொல்லிவிட்டு வண்டி வரும்வரை காத்திருக்காமல் தண்ணீரும் ஐஸும் கொட்டுங்கள். முதலில் குளிர்ச்சி, பிறகுதான் ஆஸ்பத்திரிப் பயணம்.

கோட்டைத் தாண்டியபின்

உடனே உட்காராமல் 10 நிமிடம் நடங்கள். கால் தசையில் தேங்கிய இரத்தம் மேலே ஏறாமல் மயக்கம் வருவது இந்த இடத்தில்தான். பிறகு உப்புக் கரைசல் சிறுகச் சிறுக, ஒரு மணி நேரத்துக்குள் சோறு, பருப்பு, முட்டை. அன்றைய மீன் குழம்பைத் தாராளமாகச் சாப்பிடலாம், யாரும் கேட்கப் போவதில்லை. சிறுநீர் கோலா நிறத்தில் போனாலோ ஆறு மணி நேரமாகப் போகவே இல்லை என்றாலோ அன்றே ஆஸ்பத்திரி. தசை சிதைந்து சிறுநீரகத்தை அடைத்திருக்கலாம்.

திங்களும் செவ்வாயும் இறங்கும் படிதான் எதிரி. டோல்கேட் மெட்ரோவில் ஏறுவதற்குப் படியும் இறங்குவதற்கு லிஃப்ட்டும் வைத்துக்கொள்ளுங்கள். கறுத்த நகத்தைப் பிடுங்காதீர்கள், தானே உதிரட்டும். நான்கு நாள் நடை மட்டும், ஒரு வாரம் கழித்து 3 கி.மீ. மெல்லோட்டம். அந்த நாள் போகியாக விழுந்தால் டயர் புகை அடங்கும்வரை பொறுத்து, பொங்கல் கழிந்து ஓடுங்கள்.